பள்ளி பார்க்க

ஃபஸீலாவின் வீட்டுக்குள் நுழைகிறவர்கள் முதலில் மூக்கைச் சுளிப்பார்கள், அப்புறம்தான் சலாம் சொல்வார்கள். சிங்கப்பூர் தோ பாயோவில் பதினோராவது மாடியில் இருக்கிற அந்தச் சின்ன வீட்டின் ஓர் அறை முழுக்கப் பழைய படச்சுருள்கள். படச்சுருள் கெட்டுப்போகத் தொடங்கினால் காடி வாடை அடிக்கும். சமையலறையில் வினிகர் பாட்டில் உடைந்துவிட்டதோ என்று விருந்தாளிகள் எட்டிப் பார்ப்பார்கள். "ஒண்ணும் உடையல. எம்மவ பிலிம்ல ஊறுகா போட்டு வச்சிருக்கா" என்பார் அவளுடைய தாயார் ரபியா. இருபது வருடமாக அவரிடம் இந்த ஒரே பதில்தான்.

வாரத்தில் ஐந்து நாள் ஃபஸீலா சாங்கி விமான நிலையத்துச் சரக்கு அலுவலகத்தில் வேலை பார்க்கிறாள். எந்தப் பெட்டி எந்த விமானத்தில் ஏற வேண்டும் என்று தாள்களைச் சரிபார்க்கிற வேலை. வயது நாற்பத்து நாலு. மீதி இரண்டு நாள் அவள் கலைஞர். சொந்தக்காரர்களுக்கு இந்தச் சொல் இன்னும் ஜீரணமாகவில்லை. யாரோ எடுத்துவிட்டுப் போட்ட படத்தைச் சுவரில் ஓட்டிக் காட்டுவது எப்படி இவள் கலையாகும் என்று பெருநாள் விருந்தில் ஒருவர் சத்தமாகவே கேட்டார். "ஒரு தடவ வந்து பாருங்க" என்றாள். வந்தார். பார்த்துவிட்டுப் போகும்போது செருப்பை மாற்றிப் போட்டுக்கொண்டு போனார். மறுநாள்தான் திருப்பிக் கொண்டுவந்தார்.

அவளுக்கே இது ஒரு விபத்தாகத்தான் தொடங்கியது. பத்தொன்பது வயதில், சுங்கை ரோடு பழைய சாமான் சந்தையில், ஒரு எட்டு மில்லிமீட்டர் புரொஜெக்டரை இரும்பு விலைக்கு வாங்கினாள். உள்ளே ஒரு சுருள் மாட்டியபடியே கிடந்தது. வீட்டுக்கு வந்து விளக்கைப் போட்டால், சுவரில் ஒரு சீனக் குழந்தை மெழுகுவத்தியை ஊதிக்கொண்டிருந்தது. யார் பிள்ளை, எந்தத் தெரு, எதுவும் தெரியாது. ஊதி முடித்ததும் அது நேராக ஃபஸீலாவைப் பார்த்துக் கைதட்டியது. அன்று ராத்திரிச் சாப்பாட்டை அவள் மறந்தே போனாள்.

பிறகு படித்துத் தெரிந்துகொண்ட ஒரு விஷயம் அவளை இன்னும் ஆட்டி வைத்தது. அந்தக் காலத்து வீட்டுப் படங்களுக்கு நகல் கிடையாது. கேமராவுக்குள் ஓடிய அதே சுருளைத்தான் கழுவி, அதையே புரொஜெக்டரில் மாட்டுவார்கள். அந்தக் குழந்தையின் கன்னத்தில் பட்டுத் தெறித்த வெளிச்சம் விழுந்தது இந்தச் சுருளில்தான், வேறெதிலும் இல்லை. கையில் பிடித்திருப்பது அந்த நாளையே என்று அவளுக்குத் தோன்றியது. இன்றைக்கும் ஒரு புதுச் சுருளைத் திறக்கும்போது அவள் தன்னையறியாமல் பிஸ்மி சொல்லிக்கொள்கிறாள்.

அவள் வேலை செய்கிற முறையில் ஒரு பிடிவாதம் உண்டு. எந்தச் சுருளையும் முன்கூட்டிப் பார்க்க மாட்டாள். கூட்டத்தோடு உட்கார்ந்துதான் அவளும் முதன்முதலாகப் பார்ப்பாள். இதற்கு அவள் வைத்த பெயர் ‘முதல் ஓட்டம்’. சில சுருள்களுக்கு அதுவே கடைசி ஓட்டமும் ஆகிவிடும். முதலில் பத்துப் பேர் வந்தார்கள், பிறகு முப்பது பேர். போன வருடம் சிலேகி ரோடு பக்கம் ஒரு காட்சிக்கூடம் அவளைக் கூப்பிட்டுத் தனிக் கண்காட்சிக்கே இடம் கொடுத்தது. இருபது வருடம் காத்திருந்த இடம். திறப்பு விழாவில் அறுபது பேர் முன்னால் முதல் ஓட்டம் என்று அழைப்பிதழில் அச்சடித்தும் விட்டார்கள்.

அந்த ஓட்டத்துக்கு வந்து சேர்ந்த சுருள்தான் காதர் மைதீனுடையது.

காதர் மைதீன் ஓய்வுபெற்ற பஸ் ஓட்டுநர். அறுபத்தேழு வயது. டன்லப் ஸ்ட்ரீட்டில் கடை ஒன்றின் மாடியில் அவருடைய வாப்பா முகமது இஸ்மாயில் காலத்திலிருந்து இருந்த வாடகை அறையைக் காலி செய்யும்போது, பரணில் ஒரு தகர டப்பா கிடைத்தது. உள்ளே சிறு படச்சுருள். மூடியில் ஒட்டிய காகிதத்தில் அரபு எழுத்தில் இரண்டு சொற்கள், பக்கத்தில் ஒரு தேதி: மே 1957. வாப்பா அந்த நாளில் கேமரா விற்கிற கடையொன்றில் விற்பனையாளராக இருந்தவர்.

"எழுத்தப் பார்த்தா ஜாவி மாதிரி இருந்துச்சு" என்றார் காதர் மைதீன், ஃபஸீலாவின் வீட்டில் மூக்கைச் சுளித்து முடித்த பிறகு. ஜாவி என்பது அரபு எழுத்தில் மலாய் எழுதுகிற முறை. "மலாய்க்காரக் கூட்டாளி ஒருத்தர்கிட்ட காமிச்சேன். 'இது எங்க பாஷ இல்ல லா, அரபு'ன்னாரு. அரபு உஸ்தாத்கிட்ட கொண்டுபோனேன். 'அரபு இல்ல, மலாய்'னாரு. கடைசியா ஒரு ஆவணக் காப்பகத்துல கொடுத்துப் பார்த்தேன். அவங்க, வாடை அடிக்குது, மத்த சுருளையும் கெடுத்துரும்னு திருப்பிக் கொடுத்துட்டாங்க. கூட ஒரு சீட்டு."

சீட்டில் அழகாக அச்சடித்திருந்தது: மொழி மலாய், ஜாவி எழுத்து, பொருள் தெரியவில்லை.

ஃபஸீலா மூடியை வெளிச்சத்தில் பிடித்து உதட்டை அசைத்து இரண்டு தரம் படித்தாள். பிறகு சிரித்துவிட்டாள்.

"மாமா, இது தமிழ்!"

"தமிழா?"

"அரபுத்தமிழ். எங்க உம்மா பாடுற மாலைப் பாட்டுக் கிதாபெல்லாம் இதுலதான் இருக்கு. எழுத்து அரபு, பேச்சு நம்ம பேச்சு."

பிறந்ததிலிருந்து தமிழ் பேசுகிற மனிதர், தன் வாப்பாவின் தமிழை மூன்று பேரிடம் தூக்கிக்கொண்டு அலைந்திருக்கிறார். காதர் மைதீன் நாற்காலியில் சாய்ந்து தன் தலையில் தானே ஒரு தட்டுத் தட்டிக்கொண்டார். "என்னதான் எழுதியிருக்கு?"

"‘பள்ளி பார்க்க.’"

அவர் முகம் மலர்ந்துவிட்டது. டன்லப் ஸ்ட்ரீட்டில்தான் பள்ளிவாசல் இருக்கிறது. அறையிலிருந்து நாலு எட்டு. வாப்பா ஐந்து வேளையும் அங்கேதான் தொழுவார். புதுப்பிக்கிறதுக்கு முன்னால் பள்ளி எப்படி இருந்தது என்று எடுத்து வைத்திருக்கிறார் போல என்றார். ஃபஸீலாவுக்கும் சந்தோஷம் தாங்கவில்லை. அறுபத்தேழு வருடத்துக்கு முந்தைய பள்ளிவாசல், அதுவும் ஒரு தொழுகையாளியின் கண்ணில். கண்காட்சிக்கு இதைவிட என்ன வேண்டும்? உங்களுக்கு எப்படி வேண்டுமோ அப்படிச் செய்யுங்கள் என்று அவரும் டப்பாவைக் கொடுத்துவிட்டார்.

சுருள் கொடுக்கிற எல்லோரிடமும் கேட்கிற கேள்வியை அவரிடமும் கேட்டாள். "இதுல யாரப் பார்க்கணும்னு ஆசைப்படுறீங்க மாமா?"

"எங்க உம்மாவ. ஆனா இருக்க மாட்டாங்க." அவர் அதைச் சாதாரணமாகத்தான் சொன்னார். "நான் பொறந்து பன்னெண்டாம் நாள் மவுத்தாயிட்டாங்க. நெஞ்சு வியாதி. புள்ள பெத்துக்கவே கூடாதுன்னு டாக்டர் சொல்லியிருந்தாராம். போட்டோன்னு ஒண்ணு கூடக் கிடையாது. எங்க வீட்டுல பொம்பளைங்க படம் எடுத்துக்க மாட்டாங்க. வாப்பாகிட்ட எப்படி இருப்பாங்கன்னு கேட்டா, 'நல்லா இருப்பா'ன்னு சொல்லிட்டு எந்திரிச்சுப் போயிருவாரு."

"உங்க மனசுல ஏதாச்சும் முகம் இருக்கா?"

"இருக்கே. நானா செஞ்ச முகம். வெள்ள முக்காடு, தடிச்ச கண்ணாடி, கன்னமெல்லாம் சுருக்கம். பத்தொன்பது வயசுல போனாங்கன்னு தெரியும். தெரிஞ்சும் அந்த முகம்தான் வருது. நமக்கு வயசாக ஆக அவங்களுக்கும் ஆகும்ல?"

அவர் போன பிறகும் அந்தக் கண்ணாடி போட்ட முகம் ஃபஸீலாவின் மனசை விட்டுப் போகவில்லை. உலகத்தில் இல்லாத ஒரு கிழவியை ஒரு மனிதர் அறுபத்தேழு வருடமாக வளர்த்து வந்திருக்கிறார். ஆனால் அவளுக்கு வேலை தலைக்கு மேல் இருந்தது. நோட்டை எடுத்து, ‘சுருள் 212, பள்ளி பார்க்க’ என்று எழுதி, எதிரே எப்போதும் போல இடம் விட்டாள். ஓட்டம் முடிந்த பிறகு என்ன பார்த்தோம் என்று எழுதுவதற்கான இடம் அது.

சுருளின் நிலைமை மோசம். ஓரம் அலையலையாக நெளிந்து, துளைகள் சுருங்கி, படம் ஒட்டியிருக்கிற மேல்பூச்சு தொட்டால் உதிர்ந்தது. கணினியில் ஏற்றிக் கொடுக்கிறவர்கள் மோந்து பார்த்ததுமே கையெடுத்துக் கும்பிட்டுவிட்டார்கள். சுருளைப் பிரித்தாலே பூச்சு போய்விடும். பிரிக்கிற வேகத்திலேயே ஓட்டினால் ஒரே ஒரு முறை ஓடும். அந்த ஒரு முறை சனிக்கிழமை மாலை, அறுபது பேர் முன்னால் என்று முடிவாயிற்று.

வியாழக்கிழமை ரபியா சாப்பாட்டு மேசையில் மீன் ஆணத்தை வைத்துவிட்டு, ஓரத்தில் கிடந்த டப்பாவைத் தள்ளி வைக்கக் கையில் எடுத்தார். மூடியைப் பார்த்தார். கண்ணாடியை மாட்டிக்கொண்டு மறுபடியும் பார்த்தார்.

"இதா அந்தப் பள்ளிப் படம்?"

"ஆமாம்மா."

"பள்ளின்னு எவ சொன்னா?"

"நான்தான். ‘பள்ளி பார்க்க’ன்னு எழுதியிருக்குல்ல."

"ஏன்டி, நம்மள்ல யாராச்சும் பள்ளி பார்க்கப் போவோமா? தொழப் போவோம். பள்ளிக்குப் போறேன்னு சொல்லுவோம். பள்ளி பார்க்கப் போறவன் டூரிஸ்ட்டு!"

ஃபஸீலா கையிலிருந்த சோற்றைத் தட்டில் வைத்தாள்.

அரபு எழுத்தில் குறில் ஓசைகளுக்கு எழுத்தின் மேலும் கீழும் சின்னக் கோடுகள் போட வேண்டும். அவசரக்காரர்கள் போட மாட்டார்கள். முகமது இஸ்மாயிலும் போடவில்லை. கோடு இல்லாவிட்டால் பள்ளி என்றும் படிக்கலாம். ரபியா விரலை ஒவ்வோர் எழுத்தாக வைத்து மெதுவாகப் படித்தார்.

"பிள்ளை. ‘பிள்ளை பார்க்க.’ புள்ள பார்க்கணும்னு எழுதி வச்சிருக்காரு மனுஷன்." பிறகு தேதியைப் பார்த்தார். "அந்தக் காதர் மைதீன் எப்பப் பொறந்தாரு?"

"ஜூலைல. அதே வருஷம்."

இரண்டு பேரும் டப்பாவைப் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். பிழைக்க மாட்டோம் என்று தெரிந்த ஒரு பெண், தன் வீட்டு வழக்கத்தை ஒரே ஒரு தடவை மீறி, இன்னும் பிறக்காத பிள்ளைக்காகக் கேமராவுக்கு முன்னால் வந்து நின்றிருக்கிறாள். அது இந்த மீன் ஆணத்துக்குப் பக்கத்தில் கிடக்கிறது. இருநூற்றுப் பதினொரு சுருள்களில் ஒன்றுகூட யாருக்காக என்று விலாசம் எழுதி வந்ததில்லை.

அவள் கலைஞர் என்று சொன்னேனல்லவா? அந்தப் புத்தி அடுத்த நிமிஷமே வேலை செய்யத் தொடங்கியது. "மாமாவை முன்வரிசைல உட்கார வச்சிடலாம்மா. அறுபது பேருக்கு நடுவுல அவரு அவங்களப் பார்ப்பாரு. யோசிச்சுப் பாருங்க, எவ்வளவு பெரிய..."

"அறுபது பேரு முன்னாடி அந்தப் பொண்ணு முக்காட்ட நீ எடுத்து விடுவியா?"

"அவங்க போயி அறுபத்தேழு வருஷமாச்சும்மா!"

"அதனால? கேக்க ஆளில்லன்னா?" ரபியா தட்டைத் தூக்கிக்கொண்டு எழுந்தார். "ஆணம் ஆறுது. சாப்பிடு."

ஃபஸீலா சாப்பிடவில்லை. உம்மா மேல் கோபம் கோபமாக வந்தது. அழைப்பிதழ், காட்சிக்கூடம், காத்திருந்த இருபது வருடம், எல்லாவற்றையும் மனசுக்குள் எண்ணிப் பார்த்தாள். கடைசியில், தாயார் சரியாகத்தான் கேட்டார் என்பதுதான் அந்தக் கோபத்துக்கே காரணம் என்று அவளுக்கு உறைத்தது. சனிக்கிழமை இந்தச் சுருள் ஓடாது என்று காட்சிக்கூடத்துக்குத் தொலைபேசியில் சொன்னாள். அங்கே இருந்தவர் முதலில் கெஞ்சினார், பிறகு அதட்டினார், அப்புறம் வைத்துவிட்டார். அதற்குப் பிறகு காதர் மைதீனைக் கூப்பிட்டாள்.

அவள் சொன்னதைக் கேட்டுவிட்டு அவர், "எத்தன மணிக்கு வரட்டும்?" என்று மட்டும் கேட்டார்.

வெள்ளிக்கிழமை அவள் விடுப்பு எடுத்தாள். அவர் மாலையில் அசர் தொழுதுவிட்டு வந்தார். சலவை மடிப்புக் குலையாத வெள்ளைச் சட்டை, அத்தர் வாசனை. சம்பந்தம் பேசப் போகிறவரைப் போல இருந்தார். ரபியா தேநீர் கொடுத்துவிட்டு, தான் வெளியே இருக்கிறேன் என்று கதவைச் சாத்திக்கொண்டு போனார்.

"மாமா, ஒரு தடவதான் ஓடும். ஓட ஓட உதிர்ந்துரும். போன்ல பதிஞ்சுக்கோங்க." அவருடைய கைத்தொலைபேசியை வாங்கி, கேமராவைத் திறந்து, கையில் கொடுத்தாள். "படம் வந்ததும் இந்தச் சிவப்பு வட்டத்த அமுக்குங்க. அவ்வளவுதான்."

"அமுக்குறேன்மா. பஸ் ஓட்டுனவனுக்கு இது தெரியாதா?"

அவரைச் சுவருக்கு மிக அருகில், பக்கவாட்டில் முகம் தெரியும்படி உட்கார வைத்தாள். திரைச்சீலையை இழுத்து விட்டாள். தான் எங்கே பார்ப்பது என்பதை அவள் முந்தின இரவே தீர்மானித்திருந்தாள். பிள்ளை பார்க்க என்றுதான் எழுதியிருக்கிறது. துளைகள் சுருங்கிய சுருள் புரொஜெக்டரின் பல்லில் மாட்டாது, வழுக்கும். அதன் ஓரத்தை விரலால் தள்ளிக்கொடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். அதற்குக் கண் சுருள் மேல் இருந்தாக வேண்டும். சுவர் பக்கம் திரும்பாமல் இருக்க அது நல்ல சாக்கு.

பிஸ்மி சொல்லி விளக்கைப் போட்டாள்.

இயந்திரம் கடகடவென்று ஓடத் தொடங்கியது. அவள் விரலுக்கடியில் சுருள் நெளிந்து நெளிந்து போயிற்று. மேல்பூச்சு செதில் செதிலாக உதிர்ந்து, விளக்கின் வெளிச்சத்தில் பொன்துகளாகப் பறந்தது. காடி வாடை கண்ணைக் கரித்தது. சுவரில் முதலில் வெறும் வெளிச்சம்தான் போலும், காதர் மைதீன் அசையாமல் இருந்தார். அப்புறம் அவர் முதுகு நிமிர்ந்தது.

இருபத்தைந்து வருடத்தில் ஃபஸீலா எத்தனையோ படங்களைப் பார்த்திருக்கிறாள். அன்றைக்குத்தான், சுருளுக்கு மேலாகக் கண்ணை உயர்த்தி, படம் ஓடும்போது ஒரு மனித முகத்தைப் பார்த்தாள். சுவரில் பட்ட வெளிச்சம் திரும்பி வந்து அவர் மேல் விழுந்துகொண்டிருந்தது. ஒரு பெண்ணின் கன்னத்தில் பட்டுச் சுருளில் தங்கிய நாள்வெளிச்சம், அறுபத்தேழு வருடம் டப்பாவுக்குள் இருட்டில் கிடந்துவிட்டு, அந்தப் பெண் பெற்ற பிள்ளையின் நரைத்த தாடியில் வந்து அசைந்தது. அவர் தலையை ஒருபக்கமாகச் சாய்த்தார். அங்கேயும் யாரோ அப்படிச் சாய்த்திருக்க வேண்டும். பிறகு திடீரென்று சிரித்தார். வாய்விட்டு, பல்லெல்லாம் தெரிய, சின்னப் பையனைப் போலச் சிரித்தார். என்ன நடந்தது என்று பார்க்க ஃபஸீலாவின் கழுத்து தானாகத் திரும்பப் பார்த்தது. அவள் பல்லைக் கடித்துக்கொண்டு சுருளைப் பார்த்தாள்.

நாலு நிமிஷம்கூட இருக்காது. கடைசியில் துளைகள் வரிசையாகக் கிழிந்து, வால் பட்பட்டென்று அடித்துக்கொண்டது. அவள் விளக்கை அணைத்தாள். இயந்திரத்துக்கடியில் பழுப்புத் தூள் ஒரு பிடி கிடந்தது. ஓடி முடிந்த சுருள் கண்ணாடித் தாளைப் போல வெறுமையாக இருந்தது.

காதர் மைதீனின் வலது கையில் கைத்தொலைபேசி அப்படியே இருந்தது. கட்டைவிரல் சிவப்பு வட்டத்துக்கு ஒரு நகக்கண் தூரத்தில் நின்றிருந்தது. திரை எப்போதோ அணைந்துவிட்டிருந்தது.

அவர் அதைக் குனிந்து பார்த்தார். அவளும் பார்த்தாள்.

"அமுக்க மறந்துட்டேன்மா" என்றார்.

ஃபஸீலா தன்னையே நொந்துகொண்டாள். தானாவது ஒரு சத்தம் போட்டிருக்கலாம். அவர் முகத்தையே பார்த்துக்கொண்டு நின்றதில் அவளுக்கும் கைத்தொலைபேசி என்று ஒன்று இருப்பதே மறந்துபோயிருந்தது. மன்னிப்புக் கேட்க வாயெடுத்தவள், அவர் முகத்தில் வருத்தம் துளிக்கூட இல்லாததைக் கண்டு, திரைச்சீலையை விலக்கப் போனாள். அவர் இன்னும் அந்த வெறும் சுவரையே பார்த்துக்கொண்டிருந்தார்.

என்ன செய்வதென்று தெரியாமல் நோட்டை எடுத்து வந்து அவர் மடியில் வைத்தாள். "நான் பார்க்கல மாமா. என்ன பார்த்தோம்னு நீங்கதான் எழுதணும்."

அவர் பேனாவை வாங்கி, ‘பள்ளி’ என்று அவள் எழுதியிருந்ததை ஒரு கோடு போட்டு அடித்தார். மேலே, பள்ளிக்கூடத்துப் பையனின் கையெழுத்தில், ‘பிள்ளை’ என்று திருத்தினார். எதிரே விட்டிருந்த இடத்தில் பேனாவை வைத்தவர் நிறுத்திவிட்டு, மறுபடியும் அதே சொல்லை எழுதினார்: பிள்ளை.

"அது நீங்கல்ல மாமா? படத்துல யாரப் பார்த்தீங்கன்னு எழுதுங்க."

"அதத்தான்மா எழுதியிருக்கேன்." அவர் பேனாவை மூடி நோட்டின் மேல் வைத்தார். "கண்ணாடியும் இல்ல, சுருக்கமும் இல்ல. வயித்தப் புடிச்சிக்கிட்டு நிக்குது, மூக்குத்தி போட்டுக்கிட்டு. சிரிப்ப அடக்கத் தெரியல. என் பேத்தி ஹனீனைவிட சின்னது. நான் உம்மாவப் பார்க்கணும்னு வந்தேன்... புள்ளம்மா அது. சின்னப் புள்ள."